உப்பு, துரு, ஒரு பிரௌனிங்

மணியாச்சி ரயில் நிலையத்துல 1911 ஜூன் 17 காலையில என்ன நடந்ததுன்னு தமிழ்நாட்டுல பள்ளிக்கூடம் போன எல்லாருக்கும் தெரியும். திருநெல்வேலி கலெக்டர் ஆஷ், மனைவியோட கொடைக்கானல் போறதுக்காக முதல் வகுப்புப் பெட்டியில உட்கார்ந்திருக்கார். வாஞ்சிநாதன் பெட்டியில ஏறி, மிகக் கிட்டத்துல நின்னு சுடறார். அப்புறம் பிளாட்பாரத்துல ஓடி, கழிப்பறைக்குள்ள போய்த் தன்னையே சுட்டுக்கிறார். செஞ்சது சரியா தப்பாங்கிற வாதம் நூறு வருஷம் தாண்டியும் ஓயலை. அந்தச் சண்டைக்கு நான் வரலை சாமி.

எனக்கு இருந்தது இன்ஜினியரிங் படிச்சவனுக்கே வர்ற ஒரு அல்ப சந்தேகம்தான். அந்தத் துப்பாக்கி ஏன் மக்கர் பண்ணலை?

யோசிச்சுப் பாருங்க. அரசாங்க ஆயுதக் கிடங்குல எண்ணெய் போட்டு வெச்சிருந்த துப்பாக்கி இல்லை அது. பெல்ஜியத்துல செஞ்ச பிரௌனிங் தானியங்கி கைத்துப்பாக்கி. கடல் தாண்டி வந்தது, ஒளிச்சு வெச்சிருந்தது. வாஞ்சிக்குச் சுடப் பழக்கினவர் வ.வே.சு. ஐயர், பழக்கின இடம் புதுச்சேரி. பிரெஞ்சுக்காரன் ஊர்ங்கிறதால ஆங்கிலேயனோட ஆயுதச் சட்டம் அங்கே செல்லாது, சரி. ஆனா உப்புக் காத்துக்குச் சட்டமெல்லாம் கிடையாதே! கடற்கரை ஊர்ல சைக்கிள் செயினே ஒரு மழைக்காலம் தாங்காது.

இந்தக் கேள்வியைப் பிடிச்சுக்கிட்டுப் போனா, அது சுத்திச் சுத்தி எங்க ஊர்ச் சரக்குலயே வந்து நின்னுச்சு. எங்க ஊர்னா வெம்பக்கோட்டை. (வைப்பாத்துக் கரை, அணைக்கட்டு, 2022ல இருந்து நடந்த விஜயகரிசல்குளம் அகழாய்வு, அதுல கிடைச்ச சங்கு வளையல், பாசிமணி. இதெல்லாம் பேப்பர்ல பார்த்திருப்பீங்க. மத்தபடி திரும்பின பக்கமெல்லாம் பட்டாசு ஆலை.)

தீபாவளித் துப்பாக்கியில இருந்தே ஆரம்பிக்கலாம். சுருள் கேப் போட்டுச் சுடற தகரத் துப்பாக்கி. தீபாவளி அன்னைக்கு பளபளன்னு இருக்கும். திருக்கார்த்திகைக்கு மிச்சக் கேப்பை வெடிக்கலாம்னு எடுத்தா சுத்தியல் நகராது, குதிரை இழுக்க வராது, எல்லாம் செம்மண் நிறத்துல துரு. ‘சீன்ட்ரம் தகரம்’னு கடைக்காரரைத் திட்டுவோம். தகரம் மட்டும் காரணமில்லை. கேப்புல இருக்கிறது பொட்டாசியம் குளோரேட்டும் சிவப்பு பாஸ்பரஸும். வெடிச்சு முடிஞ்சதும் குளோரேட், பொட்டாசியம் குளோரைடா மாறிடும். அது நம்ம சமையல் உப்புக்குச் சொந்தத் தம்பி மாதிரி. பாஸ்பரஸ் எரிஞ்ச சாம்பல் ஈரத்தை இழுத்து அமிலமாகும். உப்பு, அமிலம், ஐப்பசி மழை. இரும்பு என்ன ஆகும்?

தீக்குச்சித் தலையில இருக்கிறதும் இதே குளோரேட்தான். 1920களின் தொடக்கத்துல சிவகாசியில இருந்து அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா போய்த் தீப்பெட்டித் தொழில் கத்துக்கிட்டு வந்தாங்களே, அதுல இருந்து எங்க பக்கத்துக் கை எல்லாம் பழகின சரக்கு.

இப்ப நிஜத் துப்பாக்கிக்கு வருவோம். 1807ல ஸ்காட்லாந்துப் பாதிரியார் அலெக்சாண்டர் ஃபோர்சைத், தட்டினா வெடிக்கிற மருந்தை வெச்சுத் துப்பாக்கியைப் பத்தவைக்கிற முறைக்குக் காப்புரிமை வாங்கினார். அந்த வழியில வந்ததுதான் தோட்டாவோட பின்புறத்துல இருக்கிற ‘பிரைமர்’. பத்தொன்பதாம் நூற்றாண்டுல ஆரம்பிச்சு இருபதாம் நூற்றாண்டு நடுப்பகுதி வரைக்கும் பெரும்பாலான பிரைமர்கள்ல இருந்தது நம்ம குளோரேட். ஒவ்வொரு தடவை சுடும்போதும் குழலுக்குள்ள ஒரு சிட்டிகை உப்புத் தூவின மாதிரி. எண்ணெய் உப்பைக் கரைக்காது. அதனால நல்லா எண்ணெய் போட்டு வெச்ச துப்பாக்கியும் அந்த எண்ணெய்க்கு அடியிலயே துருப்பிடிக்கும். உப்பைக் கரைக்கத் தண்ணிதான் வேணும்.

அதான் அந்தக் காலத்து பிரிட்டிஷ் சிப்பாய்க்குத் துப்பாக்கிக் குழலைக் கழுவக் கொதிக்கிற தண்ணி. புனல் வெச்சுக் குழலுக்குள்ள ஊத்துவாங்க. குழல் சூடாகிறதால மிச்ச ஈரம் தானா ஆவியாகும். அப்புறம் துணி, அதுக்கப்புறம்தான் எண்ணெய். துப்பாக்கிக்குத் தண்ணி காட்டக்கூடாதுன்னு நினைக்கிற நமக்கு இது தலைகீழாத் தெரியும், ஆனா வேதியியல்படி அதுதான் சரி. என்.சி.சி.ல இருந்தவங்களுக்குப் ‘புல்த்ரூ’வும் ‘சிந்தி’யும் ஞாபகம் இருக்கும். கயித்து நுனியில நாலுக்கு ரெண்டு அங்குலத் துணியைக் கோத்துக் குழல் வழியா இழுக்கிறது. அந்தச் சடங்கோட பூர்வீகம் இந்த உப்புதான். ஜெர்மன்காரங்க 1920களோட பிற்பகுதியில துருப்பிடிக்க வைக்காத பிரைமரைக் கொண்டுவந்தாங்க. அமெரிக்க ராணுவம் முழுசா மாற 1950கள் ஆச்சு. அதனால 1911ல எந்தக் கைத்துப்பாக்கியா இருந்தாலும், பழகிச் சுட்ட அன்னைக்கே சுத்தம் பண்ணலேன்னா கதை முடிஞ்சது.

அப்ப வாஞ்சி மாதிரி ஒரு செங்கோட்டைக்காரருக்கு இந்த வித்தை ஏன் புதுச்சேரி போய்க் கத்துக்க வேண்டியதா இருந்தது? இந்த இடத்துல கொஞ்சம் பின்னாடி போகணும்.

நெல்லைச் சீமைக்குத் துப்பாக்கி புதுசு இல்லை. பாளையக்காரர் படையில திரி வெச்சுச் சுடற துப்பாக்கி சாதாரணமா இருந்துச்சு. கரிமருந்து, அதாவது வெடியுப்பு, கரி, கந்தகம். எரிஞ்சா பாதிக்கு மேல புகையாவும் கசடாவுமே மிஞ்சும். அந்தத் துப்பாக்கியைக் கழுவாம ரெண்டாம் நாள் தொட முடியாது. அப்ப அந்தக் கைவேலை ஊர் ஊருக்குத் தெரிஞ்சிருக்கணும். 1799ல கட்டபொம்மனைக் கயத்தாறுல தூக்குல போட்ட மேஜர் பானர்மேன், கோட்டைகளை இடிக்கவும் ஆயுதங்களை ஒப்படைக்கவும் உத்தரவு போட்டார். பறிச்ச பாளையங்கள்ல பாஞ்சாலங்குறிச்சியோட எங்க பக்கத்து ஏழாயிரம்பண்ணையும் ஒண்ணு. 1801ல ஊமைத்துரையும் மருது சகோதரர்களும் நடத்தின ரெண்டாவது போர் முடிஞ்சதும், அந்த வருஷம் டிசம்பர் 1ஆம் தேதி சென்னை கவர்னர் எட்வர்ட் கிளைவ் (பிளாசி கிளைவோட பையன்) ஒரு பிரகடனம் வெளியிட்டார். தென்சீமையில ஆயுதம் வெச்சிருக்கிறதே குற்றம். அப்புறம் 1878ல லிட்டன் பிரபுவோட ஆயுதச் சட்டம் வந்து நாடு முழுக்கப் பூட்டுப் போட்டது. வெள்ளைக்காரனுக்கு அதுல விலக்கு, நமக்கு உரிமம்.

ரெண்டே தலைமுறையில ஒரு கைவேலை ஊரை விட்டே போயிடுச்சுன்னு நான் நினைக்கிறேன். சட்டம் துப்பாக்கியை மட்டும் எடுக்கலை, அதைக் கழட்டிச் சுத்தம் பண்ணத் தெரிஞ்ச கையையும் சேர்த்து எடுத்துட்டுப் போச்சு. மிஞ்சினது சிப்பாய், போலீஸ், ஒண்ணு ரெண்டு ஜமீன். ஆச்சரியம் என்னன்னா, கரிமருந்து மட்டும் எங்க மண்ணுல வேற ரூபத்துல திரும்பி வந்துச்சு, பட்டாசா.

சரி, பிரௌனிங். இந்த ஆள் அமெரிக்காவுல யூட்டா மாகாணத்துத் துப்பாக்கிக்காரர் ஒருத்தரோட மகன், ஜான் பிரௌனிங். அவருக்கு முன்னாடி கைத்துப்பாக்கின்னாலே பெரும்பாலும் ரிவால்வர். சுடற வேகத்துல தானே அடுத்த தோட்டாவை ஏத்திக்கிற துப்பாக்கிக்கு, கரிமருந்து இருந்த வரைக்கும் வழியே இல்லை. நாலு ரவுண்டு சுட்டா கசடு அடைச்சு நகர்ற பாகமெல்லாம் இறுகிடும். 1884ல பிரான்ஸ்ல பால் வியே புகையில்லா மருந்தைக் கண்டுபிடிச்ச பிறகுதான் கதவு திறந்தது. 1900 வாக்குல பெல்ஜியத்தோட எஃப்.என். தொழிற்சாலை பிரௌனிங்கோட முதல் கைத்துப்பாக்கியைச் சந்தைக்கு விட்டது. மேல முன்னும் பின்னும் ஓடற உறை ஒண்ணு, அதான் ‘ஸ்லைடு’. இன்னைக்கு வரைக்கும் உலகத்துல பாதிக்கு மேல பிஸ்டல்கள் அந்த ஐடியாவுலதான் ஓடுது.

லண்டன்ல இருந்த புரட்சிக்காரங்களுக்கு இது ரொம்பப் பிடிச்சுப் போச்சு. 1909ல சாவர்க்கர் பெட்டியோட கள்ள அடித்தட்டுல ஒளிச்சு பம்பாய்க்கு அனுப்பின 20 துப்பாக்கியும் பிரௌனிங். அதுல ஒண்ணுதான் அந்த வருஷ டிசம்பர்ல நாசிக் கலெக்டர் ஜாக்ஸனைக் கொன்னது. வ.வே.சு. ஐயர் அப்ப லண்டன் இந்தியா ஹவுஸ்ல சாவர்க்கரோட கூட இருந்தவர், 1910ல புதுச்சேரி வந்து சேர்ந்தார். வாஞ்சி கையில பிரௌனிங் இருந்தது தற்செயல் இல்லை. 1914ல சரயேவோவுல பிரின்சிப் சுட்டு முதல் உலகப் போரைக் கிளப்பினதும் எஃப்.என். பிரௌனிங்தான், 1910 மாடல்.

ஏன் எல்லாரும் அதையே தேடினாங்க? தட்டையா இருக்கும், சட்டைக்குள்ள மறையும், உண்மைதான். எனக்குப் பெருசாப் படறது வேற. அதைக் கழட்டலாம். ஸ்க்ரூடிரைவர் வேண்டாம், பட்டறை வேண்டாம். அந்த 1910 மாடல்ல குழலைச் சுத்தியே ஸ்பிரிங் இருக்கும், வாய்ப்பக்கத்து வளையத்தை அமுக்கித் திருப்பினா விடும். மொத்தத்துல அடிச்சட்டம், ஸ்லைடு, குழல், ஸ்பிரிங்னு பிரிஞ்சுடும். துடைச்சு, எண்ணெய் காட்டி, திரும்ப மாட்ட சில நிமிஷம். வாஞ்சி சுட்ட அதே 1911ல அமெரிக்க ராணுவம் ஏத்துக்கிட்ட கோல்ட் பிஸ்டலும் பிரௌனிங் டிசைன்தான். சாதாரண சிப்பாய் டூல்ஸ் இல்லாம சுத்தம் பண்ணணும்ங்கிறது அங்கே முக்கியமான விஷயம். என் சந்தேகத்துக்கு எனக்குக் கிடைச்ச பதில் இதுதான். பராமரிப்பைப் பட்டறையில இருந்து பயன்படுத்தறவன் கைக்கு மாத்தின முதல் கைத்துப்பாக்கிகள்ல ஒண்ணு, சரியா அந்த நேரத்துல, அதைச் சொல்லிக் கொடுக்கத் தெரிஞ்ச ஒருத்தர் கிட்ட வந்து சேர்ந்தது.

ஆனா பிரௌனிங் ஒரு வசதியைக் கொடுத்து ஒரு வினையையும் கூடவே கொடுத்தார். ரிவால்வர்ல தோட்டா எங்கே இருக்குன்னு கண்ணுக்குத் தெரியும். கான்பூர்ல செய்யற .32 ரிவால்வர் பழைய வெப்லி வம்சம். கொக்கியை விலக்கினா துப்பாக்கியே ரெண்டா மடிஞ்சு திறக்கும், ஆறு அறையும் தெரியும். பிஸ்டல்ல அப்படி இல்லை. மேகஸினை உருவிட்டா காலி ஆச்சுன்னு மனசு நம்பும். ஆனா ஏற்கனவே ஏறின ஒரு தோட்டா ஸ்லைடுக்குள்ள, குழலோட பின்வாயில கண்ணுக்குத் தெரியாம உட்கார்ந்திருக்கும். ‘காலித் துப்பாக்கி’ சுட்டுச் செத்தவங்க பலருக்கும் காரணம் அந்த ஒத்தைத் தோட்டாதான்.

என் பெரியப்பா ஆயுதப்படை போலீஸ்ல இருந்து ஓய்வு பெற்றவர். துப்பாக்கின்னாலே ‘எய்யா, கையில வாங்கின உடனே மொத வேலை அதைத் தரையைப் பார்த்துத் திருப்புறது. பெறகுதான் மத்த பேச்சு’ம்பார். அவர் சொன்ன வரிசையை நான் அப்படியே எழுதறேன். விரல் குதிரைக்கு வெளியே. முதல்ல மேகஸினை உருவணும். அப்புறம் ஸ்லைடை முழுசா பின்னுக்கு இழுத்து, உள்ளே இருக்கிற தோட்டாவை வெளியே தள்ளி, அங்கேயே நிறுத்தி வெச்சு, கண்ணால பார்த்து, சுண்டு விரலை விட்டும் தடவிப் பார்க்கணும். இருட்டுல கண் ஏமாத்தும், விரல் ஏமாத்தாதாம். தோட்டாக்களை எடுத்துக்கிட்டுப் போய் வேற ரூம்ல வைக்கணும். அதுக்கப்புறம்தான் கழட்டற பேச்சு.

இதுல வரிசைதான் உயிர். மேகஸின் உள்ளே இருக்கும்போதே ஸ்லைடை இழுத்தா, ஒரு தோட்டா வெளியே விழும். ‘ஆச்சு, காலி’ன்னு ஸ்லைடை விடறோம். அது முன்னாடி போகும்போது அடுத்த தோட்டாவை அழகா ஏத்திக்கிட்டுப் போகும்! செஞ்ச ரெண்டு வேலையும் சரி, செஞ்ச வரிசை தப்பு. நம்ம தொழில்ல இருக்கிறவங்களுக்கு இந்த மாதிரி பக் புதுசு இல்லை, ஆனா நமக்கு சர்வர்தான் படுக்கும் :-)

ஆஸ்திரியாக்காரன் 1982ல கொண்டுவந்த கிளாக்கை எடுத்துக்கோங்க. நம்ம என்.எஸ்.ஜி. கமாண்டோக்கள் வெச்சிருக்கிறது. அதைக் கழட்டணும்னா முதல்ல குதிரையை ஒரு தரம் அமுக்கியே ஆகணும், டிசைன் அப்படி. உள்ளே தோட்டா இருந்தா கழட்டற வேலையே சுடற வேலை ஆகிடும். ரிவால்வர் கண்ணுக்குத் தெரியறதால பத்திரம்னும் சொல்லிட முடியாது. 2024 அக்டோபர் 1 விடியக்காலையில மும்பையில நடிகர் கோவிந்தா வீட்டுல அவரோட உரிமம் பெற்ற ரிவால்வர் வெடிச்சு அவர் கால்லயே குண்டு பாய்ஞ்சது. அலமாரியில எடுத்து வைக்கும்போது கை தவறினதுன்னு செய்தி. பழைய ரிவால்வர்கள் பலதுல சுத்தியலுக்கும் தோட்டாவுக்கும் நடுவுல தடுப்பே கிடையாது. கீழே விழுந்து சுத்தியல்ல அடிபட்டா போதும். அதனாலதான் அந்தக் காலத்து ஆளுங்க சுத்தியலுக்கு நேரா இருக்கிற அறையை எப்பவும் காலியா வெச்சாங்க.

சுத்தம் பண்ற வேலைக்கு வந்தா, எங்க ஊர்க்காரனுக்குப் பழக்கமான ஒரு பொருள் அங்கேயும் இருக்கு. பித்தளை. பட்டாசு ஆலையில மருந்து கிட்ட இரும்பைக் கொண்டுபோக விடமாட்டாங்க, உரசினா பொறி வரும்னு. துப்பாக்கிக் குழலைத் தேய்க்கிற பிரஷ்ஷும் பித்தளை, வெண்கலம்தான். காரணம் வேற. குழலோட எஃகை விட அது மெது, உள்ளே இருக்கிற வரிப்பள்ளத்தைக் கீறாது. முடிஞ்ச வரைக்கும் பின்வாயில இருந்து முன்னாடி தள்ளணும். முன் விளிம்பு தேஞ்சா குறி போச்சு. கரைப்பான் நனைச்ச துணி, பிரஷ், அப்புறம் வெள்ளைத் துணி வெள்ளையாவே வெளியே வர்ற வரைக்கும். கடைசியா எண்ணெய், கொஞ்சமே கொஞ்சம். கரிசல் பூமியில எண்ணெய் வழிய வழியப் போட்டா தூசியைச் சேர்த்துக் களிம்பாக்கி வெச்சுடும். தோட்டாவுல எண்ணெய் படவே கூடாது, பிரைமருக்குள்ள இறங்கினா தேவைப்படற நேரத்துல வெடிக்காது. தோல் உறையிலயே வருஷக்கணக்கா வெச்சிருந்தா தோல் ஈரத்தை இழுத்து உலோகத்தைத் தின்னும்.

இதுக்கு மேல, அதாவது குதிரைக்குள்ள இருக்கிற சின்ன ஸ்பிரிங், பூட்டுப் பாகமெல்லாம் பிரிக்கிறது, வீட்டு வேலை இல்லை. 1959ஆம் வருஷ ஆயுதச் சட்டத்துல துப்பாக்கியைத் தொழிலாப் பழுது பார்க்கவே தனி உரிமம் வேணும். அந்தச் சட்டம் வந்த பிறகும் நம்ம ஊர்ல உரிமம் வாங்கினவருக்குக் கிடைக்கிறது பெரும்பாலும் .32தான். 9 மி.மீ.யெல்லாம் படைக்கும் போலீசுக்கும்தான். இச்சாப்பூர்ல செய்யற ‘அஷானி’ பிஸ்டல் எந்தத் தோட்டாவைச் சுடுதுன்னு பார்த்தா சிரிப்பு வரும். பிரௌனிங் தன்னோட முதல் பெல்ஜியம் பிஸ்டலுக்காகவே உருவாக்கின அதே 7.65 மி.மீ. தோட்டா. லிட்டன் சட்டத்தை மீறிக் கடத்தி வந்த தலைமுறை தேடின ஆயுதத்தோட தோட்டாவை, இன்னைக்கு அரசாங்கத் தொழிற்சாலைத் துப்பாக்கிக்கு வாங்கிப் போடறோம்.

கடைசியா ஒண்ணு. ஒவ்வொரு தேர்தலுக்கும் உரிமம் வெச்சிருக்கிறவங்க பலரும் துப்பாக்கியை ஸ்டேஷன்ல ஒப்படைக்க வேண்டியிருக்கு. ரிசல்ட் வந்த பிறகுதான் திரும்பக் கைக்கு வரும். அதுவரைக்கும் அது ஏதோ ஒரு அலமாரியில, சீட்டு கட்டி, மத்த துப்பாக்கிகளோட கிடக்கும். கொடுக்கிறதுக்கு முந்தின ராத்திரி துடைச்சு லேசா எண்ணெய் பூசிக் கொடுக்கணும்னு பெரியப்பா சொல்வார். திரும்ப வாங்கும்போது, தான் காலி பண்ணிக் கொடுத்த துப்பாக்கியாவே இருந்தாலும், ஏட்டையா ‘காலிதான் சார்’னு சொன்னாலும், அங்கேயே தரையைப் பார்த்துத் திருப்பி, மேகஸினை உருவி, ஸ்லைடை இழுத்து, சுண்டு விரலை விட்டுத் தடவிப் பார்த்துட்டுத்தான் பதிவேட்டுல கையெழுத்துப் போடணுமாம்.